ராட்னி முல்லன் ஜெயித்த ஆட்டம் – கடிதம்

அன்புள்ள ஐயா,

சின்ன வயதில் பிரவுசிங் சென்டரில் டோனி ஹாக் என்ற ஸ்கேட்போர்டு வீடியோ கேம் ஆடும்போதெல்லாம் அதில் வரும் ஸ்கேட்போர்டு வீரர் ராட்னி முல்லனைத்தான் எடுப்பேன். அண்மையில் அவரைப் பற்றித் தேடிப் படித்தேன். சமதரையில் போர்டைப் புரட்டிச் சுழற்றி வித்தை காட்டும் ஃப்ரீஸ்டைல் போட்டிகள் 35-இல் 34-ஐ வென்றவராம். ஆனால் அந்த ஃப்ரீஸ்டைலே இன்று ஏறக்குறைய வழக்கொழிந்துவிட்டது. ஆளில்லாமல் போன ஆட்டத்தில் வாங்கிய பட்டங்களுக்கு என்ன மதிப்பு? மனதை உறுத்துகிறது.

க., திருச்சி

அன்புள்ள க.,

அந்த 34 வெற்றிகளை ஓரமாக வைத்துவிடுங்கள். அவருக்கே அவை பெரிதாக இருந்திருக்குமா என்பது எனக்குச் சந்தேகம்தான்.

ஃப்ளோரிடாவில் ஒரு பண்ணை வீடு. கண்டிப்பான அப்பா. பத்து வயதில் கெஞ்சிக் கூத்தாடி ஸ்கேட்போர்டு வாங்குகிறான் பையன். பலமாக அடிபட்டால் அன்றோடு விட்டுவிட வேண்டும் என்பது நிபந்தனை. அக்கம்பக்கத்தில் சேர்ந்து ஆட ஆள் கிடையாது. கார் நிறுத்துமிடத்தின் சிமெண்ட் தரைதான் அவனுடைய மைதானம். அங்கே பழகியவன்தான் 1980இல், 14 வயதில், அப்போதைய உலக சாம்பியன் ஸ்டீவ் ராக்கோவைத் தோற்கடித்தான்.

ஃப்ளோரிடாவைச் சேர்ந்த ஆலன் கெல்ஃபாண்ட் ஏற்கெனவே ஸ்கேட்பார்க் குழிகளின் வளைந்த சுவரில் ஏறி, கையால் பிடிக்காமலே போர்டோடு அந்தரத்தில் எழும்பிக் காட்டியிருந்தார். 'ஆலி' என்பது அவருடைய பட்டப்பெயர். அந்த வித்தைக்கும் அதுவே பெயரானது. ஆனால் அங்கே மேலே தூக்கிவிடச் சுவர் இருந்தது. முல்லனிடம் இருந்தது வெறும் தரை. 1982 வாக்கில் அவர் செய்தது இதுதான்: பின்காலால் போர்டின் வாலை, அதாவது பின்முனையை, தரையில் டக்கென்று அடிக்கிறார், போர்டின் முன்முனை மேலே எழும்புகிறது. அதே நொடியில் முன்கால் ஷூவின் பக்கவாட்டு, போர்டின் சொரசொரப்பான தாளில் உரசிக்கொண்டே மேலேறுகிறது. பின்பாதியும் கூடவே எழுந்து வர, போர்டு காற்றில் மட்டமாகிறது. கை படவே இல்லை. ஸ்கேட் பண்ணும் பையன்களின் ஷூவைப் பாருங்கள், அந்த இடம் மட்டும் தேய்ந்து கிழிந்திருக்கும்.

அந்த முன்காலை விளிம்பு வழியாகச் சுண்டிவிட்டால் போர்டு நீளவாக்கில் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டுப் பாதத்துக்கே திரும்பும். அதுதான் இன்றைய கிக்ஃப்ளிப். ஹீல்ஃப்ளிப், இம்பாசிபிள், 360 ஃப்ளிப் என்று அப்புறம் வித்தைகள் வரிசையாக வந்தன.

எண்பதுகளின் நடுவில் மார்க் கொன்சாலஸ், நாடாஸ் கௌபாஸ் போன்ற ஸ்கேட்டர்கள் முல்லனின் இந்தத் தரை ஆலியைத் தெருவுக்குக் கொண்டுபோனார்கள். நடைபாதை விளிம்பு, பெஞ்சு, படிக்கட்டுக் கைப்பிடி என எதன்மேலும் ஏறிவிடலாம் என்றானது. கூட்டம் அந்தப் பக்கம் சாய, ஃப்ரீஸ்டைல் காலியானது. தான் பெற்ற பிள்ளையே தன் வீட்டை இடித்த மாதிரி. இதைப் படித்தபோது எனக்கும் நெஞ்சு கனத்துப்போனது, மறைப்பானேன்.

ஆனால் அதற்குப் பிறகு நடந்ததற்காகத்தான் நான் அவரைக் கொண்டாடுகிறேன். பிளான் பி என்ற ஸ்கேட்போர்டு அணியை நடத்திய மைக் டெர்னாஸ்கி அவரைத் தெருவுக்கு இழுத்தார். இருபத்தைந்து வயது, பத்து வருட சாம்பியன். இனிமேல் போர்டே வேறு, காலை வைக்கும் விதமே வேறு. ஒரு கத்துக்குட்டியாக அவர் போய் நின்றார். 1992இல் வந்த அந்த அணியின் வீடியோவில் அவர் தெருவில் ஆடுவதைப் பார்க்கலாம். டார்க்ஸ்லைடு என்று ஒன்று உண்டு: போர்டைக் கவிழ்த்துப் போட்டு, சக்கரம் இருக்கும் பக்கத்தில் நின்றபடி திண்ணை விளிம்பில் சறுக்கிப் போவது. அத்தனை வருடம் சமதரையில் போர்டைப் புரட்டிப் புரட்டிப் பழகிய கால்களுக்குத்தான் அப்படித் தோன்றும்.

பிறகு இடுப்பு மூட்டில் தழும்புத்தசை இறுகிப்போய் ஆடவே முடியாத நிலை வந்தது. பல வருடம் வலியோடு போராடி அதைத் தளர்த்தி, மறுபடி நிற்கப் பழகினார். இம்முறை எந்தக் காலை முன்னால் வைத்தாலும் ஒன்றுபோல வர வேண்டும் என்று.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் யூட்டோ ஹொரிகோமே தெரு ஸ்கேட்டிங்கில் தங்கம் வென்ற ஆட்டத்தைத் தேடிப் பாருங்கள். ஒலியைக் கொஞ்சம் கூட்டி வையுங்கள். ஒவ்வொரு கைப்பிடிக் கம்பியில் ஏறுவதற்கு முன்பும் போர்டின் வால் தரையில் டக்கென்று அடிபடுவது கேட்கும்.