இரண்டு பட்டியலிலும் சின்னத் தாத்தா

கேள்வி: சீட்டுக்கட்டில் ஒரு சீட்டை உருவினால் அது ராஜாவாகவோ ஹார்ட்டாகவோ இருக்க வாய்ப்பு என்ன? ராஜா 4, ஹார்ட் 13, ஆக 17/52 என்றேன். பத்தாவது படிக்கும் என் மகள், "கடைசியில் ஒன்றைக் கழிக்கணும், 16/52" என்கிறாள். ஏன் என்றால் அவளுக்கும் தெரியவில்லை.
- ஒரு வாசகி, மன்னார்குடி

பதில்: என் அக்காவைத் தாய்மாமன் மகனுக்குக் கொடுத்தோம். எங்கள் பட்டியலில் 300 பேர், மாமா பட்டியலில் 250. அப்பா கூட்டிப் பார்த்து 550 இலைக்குச் சொல்லிவிட்டார். உட்கார்ந்து சாப்பிட்டவர்கள் 410 பேர்தான். அம்மா வழிச் சொந்தம் 140 பேர் இரண்டு பட்டியலிலும் இருந்ததை யாரும் யோசிக்கவில்லை. சாம்பாரை அண்டாவோடு தெருவுக்கே கொடுத்தோம்.

உங்கள் கணக்கில் அந்த 140 பேர் மாதிரி இருப்பது ஹார்ட் ராஜா. நாலு ராஜாவை எண்ணும்போது ஒரு தடவை, பதின்மூன்று ஹார்ட்டை எண்ணும்போது இன்னொரு தடவை வந்துவிட்டார். ஒரு தடவையைக் கழித்தால் 16. ராஜா அல்லது ராணி என்று கேட்டிருந்தால் கழிக்க எதுவுமில்லை. ஒரே சீட்டு இரண்டுமாக இருக்க முடியாது.

அடுத்து என் தங்கையை மாமாவின் இளைய மகனுக்கே கொடுத்தோம். இந்த முறை அப்பா உஷாராகப் பொதுவான சொந்தங்களை எங்கள் பட்டியலில் அடித்தார். மாமாவும் தன் பங்குக்கு அடித்தார். சின்னத் தாத்தாவுக்குப் பத்திரிகையே போகவில்லை. ஆறு மாதம் பேச்சு கிடையாது. பரீட்சைத் தாளில் 15/52 என்று எழுதும் பிள்ளைகள் செய்வதும் இதே காரியம்தான். "காபியா, டீயா?" என்றால் ஒன்றைத்தான் சொல்வோம். கணக்கில் வரும் 'அல்லது' அப்படியில்லை, இரண்டுமாக இருப்பவருக்கும் அங்கே இலை உண்டு.

மகளிடம் இன்னொன்றும் கேளுங்கள். ஆறு முகப் பகடை உருட்டி ஆடும் பரமபதத்தில் தாயம், அதாவது ஒன்று, விழ வாய்ப்பு 1/6. அப்போ ஆறு தடவை உருட்டினால் 6/6, கட்டாயம் விழுமா? ஏழு தடவைக்கு 7/6 என்று வருமே! இரண்டு மூன்று தடவை விழும் ஆட்டங்களும் கூட்டலில் திரும்பத் திரும்ப எண்ணப்படுகின்றன. அவற்றை ஒவ்வொன்றாகக் கழிப்பது பெரிய பாடு. அதனால் விழாமல் போவதைப் பிடியுங்கள்: ஒரு உருட்டலில் விழாமல் போக வாய்ப்பு 5/6, ஆறு உருட்டலுக்கு ஆறு 5/6-களை ஒன்றோடொன்று பெருக்கினால் சுமார் 0.33. மூன்று ஆட்டத்துக்கு ஒன்று என்ற கணக்கில், ஆறு உருட்டலிலும் தாயம் விழாமல் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.