ஆப்பிள் ஏன் அந்த விலை, பெங்களூரா மாம்பழம் ஏன் இந்த விலை: பழச்சந்தை கேள்வி-பதில்

இந்த முறை வந்த கேள்விகளில் பாதி பழம் வாங்குகிறவர்களுடையது, பாதி விளைவிக்கிறவர்களுடையது. இரு தரப்புக் கேள்விகளுக்கும் பதில் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் கிடைக்கிறது: பழம் மரத்தை விட்டு இறங்கிய பிறகு அதற்கு என்ன நடக்கிறது என்பதில். நேராகக் கேள்விகளுக்குப் போய்விடலாம்.

காஷ்மீரில் இவ்வளவு ஆப்பிள் விளையும்போது மே, ஜூன் மாதங்களில் விலை ஏன் கிலோ இருநூறைத் தாண்டுகிறது? அப்போது கடையில் இருப்பதெல்லாம் வெளிநாட்டுப் பழம்தானா? (சென்னை வாசகர்)

பெரும்பாலும் ஆமாம். இமாச்சல் ஆப்பிள் ஜூலையில் வரத் தொடங்கும். காஷ்மீர் ஆப்பிள் ஆகஸ்ட் கடைசியிலிருந்து நவம்பர் வரை இறங்கும். நாட்டின் மொத்த ஆப்பிளில் ஏறக்குறைய முக்கால் பங்கு காஷ்மீருடையது. சாதாரணக் குளிர்கிடங்கில் அது சில மாதம்தான் தாங்கும். ஆக்சிஜனைக் குறைத்து, பழம் சுவாசிப்பதையே மெதுவாக்கி வைக்கும் சி.ஏ. (கட்டுப்படுத்திய காற்றுச்சூழல்) கிடங்கில் வைத்தால் அடுத்த கோடை வரைகூட மொறுமொறுப்பு போகாது. புல்வாமா மாவட்டத்தின் லாசிபோராவில் இப்படிப்பட்ட கிடங்குகள் நிறைய வந்திருக்கின்றன. ஆனாலும் மொத்த விளைச்சலில் சிறு பகுதிக்குத்தான் அங்கே இடம். மற்றதெல்லாம் செப்டம்பர், அக்டோபரில் ஒரே நேரத்தில் டெல்லி ஆசாத்பூர் மண்டி போன்ற இடங்களில் வந்து குவிகிறது. இலையுதிர் காலத்தில் தோட்டக்காரருக்கு விலை கிடைக்காததும், கோடையில் நமக்கு விலை கட்டுப்படியாகாததும் இந்த ஒரே காரணத்தால்தான்.

அந்த இடைவெளியை இறக்குமதி நிரப்புகிறது. அதற்குப் பொதுவாக 50 சதவீத வரி. எஃகு, அலுமினியம் மீது அமெரிக்கா போட்ட வரிக்குப் பதிலடியாக, 2019 ஜூனில் அமெரிக்க ஆப்பிளுக்கு மட்டும் இன்னொரு 20 சதவீதம் சேர்ந்தது. 2018-19இல் 1,27,908 டன் வந்துகொண்டிருந்த அமெரிக்க ஆப்பிள் 2022-23இல் 4,486 டன்னாகச் சுருங்கிவிட்டது. துருக்கியும் இத்தாலியும் சிலியும் ஈரானும் நியூசிலாந்தும் அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டன. 2023 செப்டம்பரில் கூடுதல் வரி நீக்கப்பட்டது. அதே ஆண்டு மே மாதத்தில் வேறொரு தடுப்பு வந்திருந்தது: நம் துறைமுகம் வந்து சேரும் விலை கிலோ 50 ரூபாயோ அதற்குக் குறைவோ என்றால் அந்த ஆப்பிளை இறக்குமதி செய்ய முடியாது. பூட்டானுக்கு மட்டும் விலக்கு.

சரி, கணக்குப் போட்டுப் பாருங்கள். 50 ரூபாயைச் சற்றே தாண்டிய பழத்துக்கே வரி 25 ரூபாய்க்கு மேல். அப்புறம் துறைமுகச் செலவு, குளிர்வண்டி, கிடங்கு வாடகை, மண்டி கமிஷன், அழுகல் கழிவு, கடைக்காரர் லாபம். நல்ல ரகமென்றால் அடக்க விலையே 100 ரூபாயில் தொடங்கும். இருநூறு எப்படி வருகிறது என்று புரியும்.

உள்நாட்டுப் பழத்துக்குச் சாலையும் ஒரு பிரச்சினை. 2025 ஆகஸ்ட், செப்டம்பரில் மழையாலும் நிலச்சரிவாலும் ஸ்ரீநகர்-ஜம்மு நெடுஞ்சாலை அடைபட்டு, ஆப்பிள் லாரிகள் நாள்கணக்கில் நின்றன, பழம் வழியிலேயே அழுகியது. அந்த செப்டம்பரில்தான் பட்காமிலிருந்து டெல்லிக்குப் பார்சல் ரயில் விட்டார்கள். பல ஆண்டுகளுக்கு முன்பே வந்திருக்க வேண்டிய ஏற்பாடு அது.

என் யோசனை: செப்டம்பர் முதல் டிசம்பர் வரை காஷ்மீர், இமாச்சல் ஆப்பிளை வயிறாரச் சாப்பிடுங்கள். மே மாதத்தில் மாம்பழம் இருக்கும்போது ஆப்பிள் எதற்கு?

ஸ்டிக்கர் ஒட்டிய பழம் தரமானது என்கிறார் கடைக்காரர். உண்மையா? (மதுரை)

இல்லை. ஸ்டிக்கரில் இருக்கும் நான்கு இலக்க எண் கடை கல்லாவில் பழத்தின் வகையை அடையாளம் காண்பதற்காக ஏற்பட்டது. வாழைப்பழம் என்றால் 4011. ஐந்து இலக்கமாகி 9இல் தொடங்கினால் இயற்கை முறையில் விளைந்தது என்று பொருள். தரத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை. வெறும் பளபளப்பான ஸ்டிக்கர் என்றால் அந்த அர்த்தம்கூடக் கிடையாது, யார் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம். ஆப்பிள் மீது கார்னோபா (ஒருவகைப் பனை மெழுகு), அரக்கு, தேன் மெழுகு ஆகியவற்றை மெல்லியதாகப் பூசச் சட்டம் அனுமதிக்கிறது. நன்றாகக் கழுவிச் சாப்பிடுங்கள்.

ஆறு ஏக்கரில் பெங்களூரா மா. 2025இல் கிலோ நாலைந்து ரூபாய்க்குக் கேட்டார்கள். மரத்தை வெட்டிவிடலாமா என்று இருக்கிறது. (கிருஷ்ணகிரி விவசாயி)

உங்கள் கோபம் நியாயமானது. பறிகூலியும் வண்டி வாடகையும்கூடத் தேறாத விலை அது. ஆனால் வெட்டுவதற்கு முன் நடந்தது என்ன என்று பார்த்துவிடுவோம்.

பெங்களூராவுக்கு உண்மையில் ஒரே ஒரு பெரிய வாடிக்கையாளர்தான்: மாங்கூழ் ஆலை. செந்தூரா, இமாம்பசந்த் போல வீட்டுக்குக் கூடையில் வாங்கிப் போகிற பழமாக அது பெரிதாக இல்லை. காயாகக் கொஞ்சம் விற்கும், அவ்வளவுதான். கிருஷ்ணகிரி, சித்தூர், கோலார் மூன்று பக்கமும் அந்த ஆண்டு காய்ப்பு அமோகம். ஆலைகளிலோ முந்தைய பருவத்தின் கூழே விற்காமல் டிரம்களில் நின்றது. கிருமி நீக்கி அடைத்த மாங்கூழ் ஒன்றரை, இரண்டு ஆண்டு கெடாது. ஆலைக்கு அது வசதி. ஆனால் பழைய இருப்பு இருக்கும்போது புதுப் பழத்தை அவர்கள் அவசரப்பட்டு வாங்க மாட்டார்கள். உங்கள் பழமோ பறித்த பின் அதிக நாள் தாங்காது. யாருடைய கை மேலே இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

ஆந்திர அரசு அந்தப் பருவத்தில் கிலோவுக்கு 12 ரூபாய் என்று நிர்ணயித்தது. ஆலை 8 ரூபாய் தரும், அரசு 4 ரூபாய் சேர்க்கும். கூடவே கர்நாடகப் பழம் சித்தூருக்குள் வரத் தடையும் போட்டார்கள். பக்கத்து மாநில விவசாயியின் வயிற்றில் அடிக்கும் தடையை நான் ஏற்கவில்லை. ஆனால் ஆலை கொடுக்க வேண்டிய குறைந்தபட்ச விலையைப் பருவத்தின்போதே அறிவித்தது சரியான வழி. இங்கேயும் விவசாயி, ஆலை, அரசு சேர்ந்த முத்தரப்புக் கூட்டம் காய் பிடிக்கும் நேரத்திலேயே நடக்க வேண்டும். லோடு ஆலை வாசலில் நிற்கும்போது நடத்திப் பயனில்லை.

உங்கள் தோட்டத்துக்கு: மொத்தமாக வெட்டாதீர்கள். மூன்றில் ஒரு பங்கு மரங்களை உயரத்தில் வெட்டி, வரும் புதுத் தளிரில் வேறு ரகத்தை ஒட்டுங்கள். வேர் பழையதாக இருப்பதால், புதுக் கன்று நட்டு வளர்ப்பதைவிடச் சீக்கிரம் காய்க்கும். செந்தூரா உங்கள் மண்ணுக்குப் பழகியது. மீதி பெங்களூராவில் ஒரு பகுதியைக் காயாகவே ஊறுகாய்க்கும் சந்தைக்கும் பறித்துவிடுங்கள். எல்லாவற்றையும் பழுக்கும் வரை விட்டு ஆலையை மட்டும் நம்பியிருப்பதுதான் ஆபத்து.

அமெரிக்காவில் நம் மாம்பழம் ஏன் இவ்வளவு விலை? (நியூ ஜெர்சி)

இந்திய மாம்பழத்துக்கு அமெரிக்கா 2007இல்தான் கதவைத் திறந்தது, அதுவும் கதிர்வீச்சு செலுத்திய பழம் மட்டும் வரலாம் என்ற நிபந்தனையோடு. மாங்கொட்டை வண்டும் பழ ஈயும் கூடவே வந்துவிடக் கூடாது என்பதற்காக இந்த ஏற்பாடு. அனுமதி பெற்ற நிலையங்கள் சிலவே. அங்கே அமெரிக்க வேளாண் துறை அதிகாரி இருந்து மேற்பார்க்க வேண்டும். பிறகு விமானம். 2025 மே மாதம் ஆவணக் குளறுபடியால் 15 சரக்குகள் அமெரிக்க விமான நிலையங்களில் நிராகரிக்கப்பட்டு, பழம் அங்கேயே அழிக்கப்பட்டது. இப்படிப் போகும் நஷ்டமும் உங்கள் பெட்டியின் விலையில் ஏறும். மெக்சிகோ பழம் தரை வழியாகவே வந்துவிடுகிறது, அதனால் மலிவு.

உலகத்திலேயே அதிகம் வாழை விளைவது இந்தியாவில். அப்படியிருந்தும் ரஸ்தாளி, பூவனை ஏன் ஏற்றுமதி செய்ய முடியவில்லை? (திருச்சி, வாழை விவசாயி)

உலக வாழையில் ஏறக்குறைய கால் பங்கு நம்முடையது. ஏற்றுமதியோ நம் விளைச்சலில் மிகச் சிறு பங்குதான். போவதில் பெரும்பகுதி ஜி-9 (கிராண்ட் நைன்) என்ற ரகம். ஜல்காவ், சோலாப்பூர், அனந்தபூர், தேனி ஆகிய இடங்களிலிருந்து வளைகுடாவுக்கும் ஈராக், ஈரானுக்கும் போகிறது.

கப்பல் வியாபாரம் ருசியைப் பார்ப்பதில்லை, தாங்குதிறனைப் பார்க்கிறது. பச்சைக் காயாக வெட்டி, சீப்பாகப் பிரித்து, பால் வடியக் கழுவி, 13 கிலோ பெட்டியில் அடுக்கி, 13 டிகிரி குளிரில் வாரக்கணக்கில் அனுப்பி, போய்ச் சேர்ந்த ஊரில் எத்திலீன் வாயு அறையில் பழுக்க வைக்கிறார்கள். ஒரே நீளம், ஒரே வளைவு, தோலில் ஒரு கீறல் கூடாது. ஜி-9 இதற்குப் பணிந்து போகும். ரஸ்தாளி பழுத்ததும் காம்பிலிருந்து உதிர்ந்துவிடும், பூவனுக்குத் தோல் மெல்லியது. 13 டிகிரிக்குக் கீழே போனால் எந்த வாழையும் தோல் கறுத்துவிடும் என்பதால் குளிரைக் கூட்டி ஆயுளை நீட்டவும் வழியில்லை.

நம் ரகங்களுக்கு வழியே இல்லை என்று நான் நினைக்கவில்லை. 2021இல் கேரளத்திலிருந்து நேந்திரனைக் கப்பலில் லண்டனுக்குச் சோதனை முறையில் அனுப்பினார்கள். அதன் தொழில்நுட்பம் உங்கள் ஊர் தேசிய வாழை ஆராய்ச்சி மையத்தில் உருவானது. மலையாளிகள் வாழும் இடமெல்லாம் அதற்குச் சந்தை. தடித்த தோல், உறுதியான காம்பு உள்ள ரகத்தில் தொடங்கினால் நடக்கும். சின்ன விவசாயிகள் சேர்ந்து ஒரு சிப்பம் கட்டும் கூடம் போட்டுக்கொள்ளாமல் நடக்காது. தாரைத் தோளில் தூக்கி லாரியில் எறிகிற இடத்திலிருந்து கப்பலுக்குப் பழம் போகாது. தாருக்கு உறை போடுவது, நூலில் கட்டித் தொங்கவிட்டுக் கொண்டுபோவது இரண்டையும் முதலில் பழகுங்கள். உள்ளூர் வியாபாரியே கூடுதல் விலை தருவார்.

ப்ளூபெர்ரி முன்பைவிட எல்லாக் கடையிலும் கிடைக்கிறது. என்ன காரணம்? கொடைக்கானலில் பயிரிட முடியுமா? (கோவை)

முக்கியமான காரணம் பெரு. பத்துப் பதினைந்து ஆண்டுகளில் கடற்கரைப் பாலைவனத்தில் சொட்டுநீர் போட்டு உலகின் முதல் ப்ளூபெர்ரி ஏற்றுமதி நாடாகிவிட்டார்கள். செப்டம்பர் முதல் டிசம்பர் வரை அவர்கள் பழம் குவியும், அதன்பின் சிலி. இன்னொன்று வரி. 2023இல் அமெரிக்காவுடனான பேச்சில் இந்தியா ஒப்புக்கொண்டபடி, ப்ளூபெர்ரி, கிரான்பெர்ரி வரி 2024 தொடக்கத்தில் குறைக்கப்பட்டது. ப்ளூபெர்ரி பெருவிலிருந்து வந்தாலும் இந்தக் குறைப்பு உண்டு.

பயிரிடுவது பற்றி: முடியும், ஆனால் யோசித்து இறங்குங்கள். மண்ணின் கார அமில நிலை 4.5 முதல் 5.5க்குள் இருக்க வேண்டும், பாசனத் தண்ணீரும் அதற்கு ஒத்துவர வேண்டும். அதனால்தான் இந்தியாவில் பலர் தென்னைநார்க் கழிவு நிரப்பிய பைகளில் வளர்க்கிறார்கள். குளிர் அதிகம் கேட்காத ரகம் வேண்டும், நல்ல செடி விலையும் அதிகம். பறித்ததும் குளிரூட்டவில்லை என்றால் இரண்டு நாளில் சுருங்கும். பெருவின் பழம் வரத்து குறைந்திருக்கும் மாதங்களில் உங்கள் செடி காய்க்குமா என்பதுதான் லாபத்தைத் தீர்மானிக்கும். பெர்ரி பழம்தான் வேண்டும் என்றால் ஸ்ட்ராபெர்ரியில் தொடங்குங்கள். நாட்டின் ஸ்ட்ராபெர்ரியில் பெரும்பங்கு விளையும் மகாபலேஷ்வரிலிருந்து இங்கே வந்து சேர்வதற்குள் பழம் பாதி நசுங்கிவிடுகிறது. பக்கத்து ஊர்ப் பழத்துக்கு இங்கே சந்தையில் இடம் இருக்கிறது.

நாசிக் திராட்சையில் நல்லது ஐரோப்பாவுக்கு, கழித்தது நமக்கு என்கிறார்களே? (ஈரோடு)

முழு உண்மை இல்லை. ஏற்றுமதிக்கென்றே தனியாகப் பதிவு செய்து, மருந்துக் கணக்கு எழுதி வளர்க்கும் தோட்டங்கள் அவை. 2010இல் வளர்ச்சி ஊக்கி ஒன்றின் எச்சம் இருந்ததால் ஐரோப்பா நம் திராட்சையைத் திருப்பியது. பல விவசாயிகள் கடனில் மூழ்கினார்கள். அதன்பின் பரிசோதனை கடுமையானது. இன்று பெட்டியிலுள்ள எண்ணை வைத்து எந்தத் தோட்டத்துப் பழம் என்று கண்டுபிடிக்க முடியும். எனக்கு வருத்தம் தருவது என்னவென்றால், அந்த அளவு கண்காணிப்பு உள்நாட்டுச் சந்தைக்கு இல்லை. அதைக் கேட்கும் உரிமை நமக்கு இருக்கிறது.

பன்னீர் திராட்சை பற்றியும் கேட்டிருந்தீர்கள். கம்பம் பன்னீர் திராட்சை 2023இல் புவிசார் குறியீடு பெற்றது. ஆண்டு முழுவதும் காய்ப்பது அதன் பலம், மெல்லிய தோல் பலவீனம். தூரம் போகாது. நீங்கள் இருக்கும் தூரத்துக்கு அதுவே புதியதாகக் கிடைக்கும், வாங்குங்கள்.

டிராகன் பழம் இன்னும் லாபமா? (சிவகங்கை)

முன்பு நட்டவர்களுக்கு லாபம். குஜராத் அரசு 2021இல் 'கமலம்' என்று பெயர் சூட்டிய நேரத்தில் பல மாநிலங்களில் இந்தக் கொடி ஏறுவதற்கான தூண்கள் நடப்பட்டன. இப்போது ஆகஸ்ட், செப்டம்பரில் ஒரே நேரத்தில் பழம் வந்து விலை சரிகிறது. வியட்நாமில் இரவில் விளக்குப் போட்டுப் பருவம் தப்பிய காலத்திலும் பூக்க வைக்கிறார்கள். அந்த முறை இங்கும் சில தோட்டங்களில் வந்திருக்கிறது. தூண், செடி, சொட்டுநீர் என்று முதலீடு பெரியது. தண்ணீர் குறைவாகக் கேட்பது உங்கள் மாவட்டத்துக்குப் பொருத்தம்தான். கால் ஏக்கரில் சிவப்புச் சதை ரகம் வைத்து, இரண்டு பருவம் விற்றுப் பாருங்கள்.

மாம்பழம் கல் வைத்துப் பழுத்ததா என்று எப்படித் தெரிந்துகொள்வது? (தஞ்சாவூர்)

கார்பைடு கல் சட்டப்படி தடை. எத்திலீன் வாயு அனுமதிக்கப்பட்டது, பழமே தானாக வெளியிடும் வாயு அது. தோல் முழுக்க ஒரே மஞ்சளாக இருந்து, காம்பருகே முகர்ந்தால் வாசனையே வரவில்லை என்றால் சந்தேகப்படுங்கள். வெட்டினால் உள்ளே வெளிறிப் புளிக்கும். வெறும் கண்ணால் உறுதியாகச் சொல்ல முடியாது. மார்ச் மாதத்திலேயே பழுத்துக் குவிந்திருக்கும் மாம்பழத்தைத் தவிர்த்தாலே பாதிப் பிரச்சினை தீரும். முற்றிய காயாக வாங்கி வைக்கோலில் வைத்தால் ஐந்தாறு நாளில் வீட்டிலேயே பழுத்துவிடும்.