வாசகர் கேள்வி–பதில்: படைப்புக் கதைகள் வரலாறு ஆகுமா?

உலகம் தோன்றிய விதத்தைக் கூறும் பழைய வேதநூல்களைப் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு மட்டும் இந்த இதழில் இடம் ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி: வேதநூல்கள் கூறும் படைப்பு வரலாற்றை நடந்த நிகழ்ச்சியாக எடுத்துக்கொள்ள இயலுமா? இயலாது என்பவர்கள் எந்த அளவுகோலை வைத்து அப்படிச் சொல்கிறார்கள்?

பதில்: பழைய எழுத்து ஒன்று கைக்குக் கிடைத்தவுடன் வரலாற்று ஆய்வாளர் கேட்கும் முதல் கேள்வி, அதை எழுதியவருக்கு அந்தச் செய்தி எந்த வழியாகத் தெரியவந்தது என்பதாகும். அவரே கண்டாரா, கண்டவர் சொல்லக் கேட்டாரா, பல தலைமுறைகளாகக் கைமாறி வந்ததைப் பதிந்துவைத்தாரா என்று பார்த்தபின், அவரோடு தொடர்பில்லாத இன்னொருவரும் அதையே சொல்கிறாரா என்று தேடுவார். பாபிலோனிய மன்னன் நேபுகாத்நேச்சார் எருசலேமைப் பிடித்து அதன் அரசனைச் சிறைகொண்டு போனதை எபிரேய வேதம் (கிறிஸ்தவர்களின் பழைய ஏற்பாடு) கூறுகிறது, கி.மு. 597இல் நடந்த அதே நிகழ்ச்சியைப் பாபிலோனியரின் ஆண்டுக்குறிப்புப் பலகை ஒன்றும் தன் பங்குக்குக் கூறுகிறது. வென்றவரும் தோற்றவரும் தனித்தனியே ஒரே செய்தியை எழுதிவைத்திருப்பதால், அதை வரலாறு என்று ஏற்பதில் ஆய்வாளர்களுக்குத் தயக்கமில்லை.

படைப்புக் கதைக்கு இந்த வழி திறக்காது. நம் இனத்து மனிதர் தோன்றி ஏறத்தாழ மூன்று லட்சம் ஆண்டுகள் ஆகின்றன, எழுத்தோ கி.மு. 3300ஐ ஒட்டித்தான் மெசபடோமியாவிலும் எகிப்திலும் பிறந்தது. மனிதரே இல்லாத காலத்து நிகழ்ச்சிக்கு மனித சாட்சி இருந்திருக்க முடியாது. இந்தத் தடையைக் கண்டுபிடித்தவர்கள் நவீன ஆய்வாளர்கள் அல்லர். ரிக் வேதத்தின் பத்தாம் மண்டலத்து 129ஆம் சூக்தம், இந்தப் படைப்பு எங்கிருந்து வந்தது என்று யாருக்குத் தெரியும், தேவர்களே இதற்குப் பின்னால் வந்தவர்கள்தானே என்று கேட்டு, உயரத்திலிருந்து காண்பவனுக்குத் தெரிந்திருக்கலாம், ஒருவேளை அவனுக்கும் தெரியாமலிருக்கலாம் என்று முடிகிறது. ஒரு வேதநூல் தன் பேசுபொருளைப் பற்றி இவ்வளவு நேர்மையாகக் கேள்வி எழுப்பியிருப்பது என்னை ஒவ்வொரு முறையும் வியப்பில் ஆழ்த்துகிறது.

இறைவனே இதை வெளிப்படுத்தினார் என்ற நம்பிக்கையை நிறுவவோ மறுக்கவோ வரலாற்று முறையிடம் கருவி கிடையாது. ஆனால் நூல் சொல்லும் திட்டவட்டமான செய்திகளைச் சோதித்துப் பார்க்கலாம். எபிரேய வேதத்தின் முதல் நூலான ஆதியாகமத்தின் முதல் அதிகாரத்தில் புல்லும் பூண்டும் கனிமரங்களும் மூன்றாம் நாளிலும், சூரியன் நான்காம் நாளிலும் உண்டாகின்றன. 1956இல் கிளேர் பேட்டர்சன் என்ற அறிவியலாளர் விண்கற்களில் உள்ள ஈயத்தின் ஐசோடோப்புகளை (ஒரே தனிமத்தின் எடை மாறுபட்ட அணுவகைகளை) அளந்து பூமியின் வயதை 455 கோடி ஆண்டுகள் என்று கணித்தார். இன்று ஏற்கப்படும் மதிப்பு 454 கோடி. நிலத்தில் செடிகள் பரவியது அதில் கடைசி 50 கோடி ஆண்டுகளுக்குள்தான். சூரியனோ பூமிக்குச் சற்று மூத்தது. ஆகவே அந்த அதிகாரத்தின் வரிசையை நடந்த வரிசையாகக் கொள்ள இடமில்லை. அதனால் அதே வேதத்தில் வரும் எருசலேம் வீழ்ச்சி பொய்யாகிவிடாது. வேதம் என்று நாம் ஒரே அட்டைக்குள் வாசிப்பது பல காலங்களில் பல நோக்கங்களோடு எழுதப்பட்ட நூல்களின் தொகுப்பு. முழுவதும் மெய் அல்லது முழுவதும் பொய் என்று ஒரே சொல்லில் தீர்ப்பளிப்பவர்கள், எந்தப் பக்கத்தில் நின்றாலும், நூலைப் பொறுமையாக வாசிக்கவில்லை என்றே கருதுகிறேன்.

கேள்வி: ஆதியாகமத்தின் படைப்புக் கதை பாபிலோனியக் கதையைப் பார்த்து எழுதப்பட்டது என்கிறார்களே, உண்மையா?

பதில்: இந்த விவாதம் நினிவே நகரின் இடிபாடுகளிலிருந்து தொடங்குகிறது. அசீரிய மன்னன் அசுர்பனிபாலின் நூலகத்திலிருந்து பத்தொன்பதாம் நூற்றாண்டில் தோண்டியெடுக்கப்பட்ட களிமண் பலகைகளை பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் படித்துக்கொண்டிருந்த ஜார்ஜ் ஸ்மித், 1872 டிசம்பரில் வெள்ளப் பிரளயக் கதை கொண்ட பலகையையும், 1876இல் படைப்புக் கதை கொண்ட பலகைகளையும் உலகுக்கு அறிவித்தார். பின்னது ‘எனுமா எலிஷ்’ என்று அழைக்கப்படும் ஏழு பலகைக் காப்பியம்.

அதில் ஆதியில் இருந்தது நீர்தான். தியாமத் என்னும் கடல்தெய்வத்தை மார்துக் என்னும் இளைய தெய்வம் போரில் கொன்று, உலர்த்துவதற்குப் பிளந்த மீனைப் போல அவள் உடலை இரண்டாகப் பிளந்து, ஒரு பாதியை வானமாக விரித்து, மேலே தங்கிய நீர் கீழே கொட்டிவிடாதபடி காவல் வைக்கிறான். ஆதியாகமத்தின் இரண்டாம் நாளைப் படித்துப் பாருங்கள்: அங்கும் நீரின் நடுவே ஒரு விரிவு உண்டாகி, மேலே இருக்கும் நீரும் கீழே இருக்கும் நீரும் பிரிக்கப்படுகின்றன. வானத்துக்கு மேல் நீர் தேங்கியிருக்கிறது என்ற எண்ணம் அந்தப் பகுதி மக்களுக்குப் பொதுவானது. எபிரேயரும் பாபிலோனியரும் ஒரே உலகப்படத்தை மனத்தில் வைத்திருந்தார்கள் என்பதில் ஐயமில்லை.

ஆயினும் ‘பார்த்து எழுதினார்கள்’ என்பது மிக மட்டமான விளக்கம். ஆதியாகமத்தில் போர் இல்லை, எதிரி இல்லை, சொன்னவுடன் ஆகிறது. பாபிலோனில் மனிதன், கொல்லப்பட்ட கிங்கு என்னும் தெய்வத்தின் இரத்தத்திலிருந்து, தெய்வங்களின் உழைப்பைத் தன் தலையில் சுமப்பதற்காகப் படைக்கப்படுகிறான். ஆதியாகமத்தில் ஆணும் பெண்ணும் கடவுளின் சாயலில் படைக்கப்படுகிறார்கள். பாபிலோனியர் வணங்கிய சூரியனும் சந்திரனும் இங்கே பெயர்கூடச் சொல்லப்படாமல் பெரிய சுடர், சிறிய சுடர் என்ற இரண்டு விளக்குகளாக நான்காம் நாளுக்குத் தள்ளப்படுகின்றன. இந்த அதிகாரம் கி.மு. 586இல் எருசலேம் ஆலயம் இடிக்கப்பட்டு மக்கள் பாபிலோனுக்கு நாடுகடத்தப்பட்ட காலத்தையோ அதற்குப் பிந்திய தலைமுறைகளையோ சேர்ந்தது என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து. அதை ஏற்றால், செடிகளுக்குப் பிறகு சூரியன் வருவதன் காரணம் விளங்குகிறது. உங்களை ஆள்கிறவர்கள் கும்பிடும் சுடர்கள் இல்லாமலே எங்கள் கடவுளால் பயிரை முளைக்கவைக்க முடியும் என்று தோற்ற மக்கள் உரைத்த மறுமொழி அது. சூரியன் பிறந்த நாளை அந்த அதிகாரத்திலிருந்து அறிய முடியாது. ஆலயமும் அரசும் இழந்த ஒரு சமூகம் தன் கடவுளைக் கைவிட மறுத்ததை அறியலாம். வரலாற்று மாணவனுக்கு இது சிறிய செய்தி அன்று.

பாபிலோனியக் காப்பியமும் இதே போலத் தன் எழுத்தாளரைக் காட்டிக்கொடுக்கிறது. அது மனிதப் படைப்போடு முடிவதில்லை. பாபிலோன் நகரும் மார்துக்கின் கோவிலும் எழுப்பப்பட்டு, அவனுடைய ஐம்பது பெயர்கள் ஓதப்பட்ட பிறகே முடிகிறது. புத்தாண்டு விழாவின் நான்காம் நாளில் மார்துக்கின் திருவுருவின் முன் பூசாரி அதை முழுமையாக ஓதினார். தங்கள் நகரத் தெய்வம் மற்றத் தெய்வங்களுக்கெல்லாம் தலைமை தாங்குவது ஏன் என்று விளக்குவதே அதன் வேலை.

கேள்வி: ஆதியாகமத்தில் இரண்டு படைப்புக் கதைகள் இருப்பதாகச் சொல்வது சரியா?

பதில்: சரி. முதல் அதிகாரத்தில் விலங்குகள் முதலிலும் ஆணும் பெண்ணும் ஒருசேர இறுதியிலும் வருகிறார்கள். இரண்டாம் அதிகாரத்தில் நிலத்தில் செடி முளைக்கும் முன்பே மண்ணிலிருந்து ஆண் உருவாக்கப்படுகிறான். பிறகு தோட்டம், பிறகு விலங்குகள், கடைசியில் பெண். கடவுளைக் குறிக்கும் பெயரும் இரண்டாம் கதையில் மாறுகிறது. 1753இல் ழான் அஸ்ட்ரூக் என்ற பிரெஞ்சு மருத்துவர் இந்தப் பெயர்மாற்றத்தைப் பிடித்துக்கொண்டுதான் நூலுக்கு வெவ்வேறு மூலங்கள் இருந்திருக்க வேண்டும் என்று வாதிட்டார். தொகுத்தவர்கள் இரண்டையும் அருகருகே வைத்து, முரணைச் சரிசெய்யாமல் விட்டிருக்கிறார்கள். நடந்ததை நடந்தபடி பதிவதாக அவர்கள் எண்ணியிருந்தால் ஒன்றை நீக்கியிருப்பார்கள்.

கேள்வி: பிரமனின் ஒரு பகல் 432 கோடி ஆண்டு, அறிவியல் கூறும் பூமியின் வயது 454 கோடி. முன்னோர் இதை அறிந்திருந்தார்கள் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

பதில்: வேண்டும். முதலில், மரபு தரும் கணக்கையே பாருங்கள். 432 கோடி என்பது பிரமனின் ஒரு பகலான கற்பத்தின் முழு நீளம். கழிந்துபோன காலம் அன்று. அதே மரபின்படி இந்தக் கற்பத்தில் இதுவரை கழிந்தது ஏறத்தாழ 197 கோடி ஆண்டுகள்தான். பூமியின் வயதோடு ஒப்பிட வேண்டுமானால் 197 கோடியைத்தான் ஒப்பிட வேண்டும். அது பாதிகூட இல்லை.

அடுத்து, இந்த எண் பிறந்த விதம். கலியுகம் 4,32,000 ஆண்டு. அதன் பத்து மடங்கு ஒரு மகாயுகம். மகாயுகம் ஆயிரம் சேர்ந்தது ஒரு கற்பம். 4,32,000 என்பது அறுபதை மூன்று முறை பெருக்கி இரட்டித்தால் கிடைப்பது. கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதிய பாபிலோனியப் பூசாரி பெரோசஸ், வெள்ளத்துக்கு முன் ஆண்ட பத்து அரசர்களின் மொத்த ஆட்சிக்காலமாகச் சொல்வதும் இதே 4,32,000தான். வானத்தைக் கணித்தவர்களுக்கு வகுக்கவும் பெருக்கவும் வசதியான எண் அது. பாறையை அளந்து பெற்றது அன்று. பேட்டர்சனின் எண்ணை எந்த ஆய்வுக்கூடமும் மறுபடி அளந்து சரிபார்க்கலாம், பிழை கண்டால் திருத்தலாம். நம் எண்ணுக்கு அப்படிப்பட்ட வழி எதுவும் நூலில் சொல்லப்படவில்லை.

இதே போலத்தான் ஆகாயம், காற்று, தீ, நீர், நிலம் என்ற தைத்திரீய உபநிடத வரிசையையும், பரிபாடலில் வரும் அதே வரிசையையும் பெருவெடிப்புக் கொள்கையாகப் படிக்கிறார்கள். அது நுண்மையிலிருந்து பருமைக்கு இறங்கிவரும் ஒரு தத்துவ வரிசை. அந்த அளவில் அழகானது. அறிவியல் ஒன்றைக் கண்டுபிடித்த பிறகு, ஒத்துப்போகும் வரியை மட்டும் நூலிலிருந்து பொறுக்கி, ஒத்துப்போகாத நூறு வரிகளை மூடிவைப்பது முன்னோருக்குச் செய்யும் மரியாதை ஆகாது என்பதை வருத்தத்தோடு சொல்கிறேன். காலத்தைக் கோடிக்கணக்கில் எண்ணத் துணிந்தார்களே, அந்தத் துணிவு அவர்களுடையது. அதற்கு இரவல் பெருமை தேவையில்லை.

எதிர்த்திசைக் கணக்கும் உண்டு. 1650இல் அயர்லாந்துப் பேராயர் ஜேம்ஸ் அஷர், எபிரேய வேதத்தின் வம்சாவளிகளைக் கூட்டி, படைப்பு கி.மு. 4004இல் நிகழ்ந்தது என்றார். யூத நாட்காட்டி கி.மு. 3761 என்கிறது; கிழக்கு ரோமப் பேரரசினரான பைசாந்தியர் கி.மு. 5509 என்றார்கள். ஒரே வேதத்திலிருந்து மூன்று விடைகள் வரக் காரணங்களில் ஒன்று மூலப்படிகளே. மகன் சேத் பிறந்தபோது ஆதாமின் வயது எபிரேயப் படியில் 130, கிரேக்க மொழிபெயர்ப்புப் படியில் 230.

கேள்வி: எழுத்துப் பிசகாமல் காக்கப்பட்டுவந்த நூல் என்பதே அதன் உண்மைக்குப் போதிய சான்று ஆகாதா?

பதில்: காக்கப்பட்டதற்குச் சான்று ஆகும், உண்மைக்கு ஆகாது. ரிக் வேதத்தின் பழைய ஏட்டுப்படிகளில் ஒன்றான புனே படி 1464இல் எழுதப்பட்டது. அதற்கும் மிக முன்பிருந்தே பதபாடம், கிரமபாடம், கனபாடம் என்று சொற்களை முன்னும் பின்னும் மாற்றிக் கோத்து ஓதும் முறைகளால் ஒலி பிசகாமல் அது காக்கப்பட்டது. மனித நினைவாற்றலின் மாபெரும் சாதனை என்றே அதைச் சொல்வேன். ஆனால் முதலில் பாடியவர் படைப்பைக் கண்டாரா என்ற கேள்விக்கு அந்தச் சாதனை விடையளிப்பதில்லை.

பழமை என்ற உரிமைகோரலையும் சோதிக்க வேண்டும். கி.மு. 700ஐ ஒட்டி ஆண்ட எகிப்திய மன்னன் ஷபாகா, புழு அரித்த ஒரு பழஞ்சுவடியைக் கண்டு அதைக் கல்லில் பெயர்த்ததாகத் தன் கல்வெட்டில் சொல்கிறான். தாஹ் என்னும் தெய்வம் நெஞ்சால் நினைத்து நாவால் சொல்லி உலகைப் படைத்தது என்பது அதன் செய்தி. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அறிஞர்கள் மன்னனின் சொல்லை அப்படியே நம்பி, மூலச்சுவடியை எகிப்தின் மிகப் பழைய அரசகுலக் காலத்துக்குக் கொண்டுபோனார்கள். பின்வந்தவர்கள், பழைய நடையைப் போலச் செய்து ஷபாகாவின் காலத்திலேயே இயற்றப்பட்டது என்று வாதிடுகிறார்கள். புதிய அரசுக்குப் பழைய சுவடியின் ஆதரவு தேவைப்பட்டிருக்கிறது.

கேள்வி: நான் நம்பிக்கையுள்ள கிறிஸ்தவப் பெண். படைப்புக் கதையை வரலாறு அன்று என்று ஒப்புக்கொண்டால் என் சமயத்துக்குத் துரோகம் செய்தவள் ஆவேனா? குழந்தைகள் கேட்டால் என்ன சொல்வது?

பதில்: உங்களுக்கு முன் இந்த வழியில் நடந்தவர்கள் உங்கள் சமயத்தின் பெரியவர்களே. சூரியனும் சந்திரனும் இல்லாமல் முதல் மூன்று நாட்கள் இருந்தன என்பதைச் சிந்திக்கத் தெரிந்த எவர் எழுத்துப்படி எடுத்துக்கொள்வார் என்று மூன்றாம் நூற்றாண்டில் கிறிஸ்தவ இறையியலாளர் ஒரிஜன் கேட்டார். ஐந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆதியாகமத்துக்கு விரிவான உரை எழுதிய ஆயர் அகுஸ்தினார், கடவுள் அனைத்தையும் ஒரே கணத்தில் படைத்தார், ஆறு நாள் என்பது நாம் புரிந்துகொள்வதற்கான ஒழுங்கு என்று கருதினார். வானத்தையும் கோள்களையும் பற்றி நன்கறிந்த பிறரிடம் கிறிஸ்தவர் ஒருவர் வேதத்தின் பெயரால் தவறாகப் பேசினால், மறுமையைப் பற்றி அதே வேதம் கூறுவதை அவர்கள் எப்படி நம்புவார்கள் என்று அவர் கடுமையாகவே கண்டித்திருக்கிறார். இவர்கள் புவியியலின் நெருக்கடிக்குப் பணிந்து இப்படிச் சொல்லவில்லை. அந்தத் துறை பிறக்கவே இன்னும் ஆயிரத்துக்கு மேற்பட்ட ஆண்டுகள் இருந்தன.

ஒரு ‘நாள்’ என்பது ஒரு யுகம் என்று நீட்டி அறிவியலோடு இணக்கம் காட்டும் வழியை நான் பரிந்துரைக்க மாட்டேன். நாளை எவ்வளவு நீட்டினாலும் சூரியனுக்கு முன் கனிமரம் என்ற வரிசை மாறாது. குழந்தை வளர்ந்து அதைத் தானே கண்டுகொள்ளும்போது உங்கள் சொல்லின் மேலும் நம்பிக்கை போய்விடும். பூமியின் வயதைக் கேட்டால் 454 கோடி ஆண்டு என்றும் அதை எப்படி அளந்தார்கள் என்றும் சொல்லுங்கள். ஆறு நாள் கதையைக் கேட்டால், இரண்டையும் குழப்பாமல், அதை முதலிலிருந்து கடைசிவரை வாசித்துக் காட்டி, வீடிழந்து வேற்றுநாட்டில் வாழ்ந்த மக்கள் இதைச் சொல்லித்தான் தங்கள் பிள்ளைகளுக்குத் தைரியம் ஊட்டியிருக்கக்கூடும் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.