இங்கிலாந்தில் பிறந்த பிரெஞ்சு

வாசகர் கேள்விகள்

கேள்வி: அம்மா, பி.ஏ. ஆங்கில இலக்கியம் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். எங்கள் பாடநூலில் 1066-க்கும் 14-ஆம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் சாசருக்கும் இடைப்பட்ட முந்நூறு ஆண்டுகளுக்கு ஒரே ஒரு பத்தி. பிரான்சின் நார்மண்டியிலிருந்து வந்த நார்மன்கள் இங்கிலாந்தை வென்றார்கள், ஆங்கிலம் ஒடுங்கியது, அரசவையில் பிரெஞ்சு ஒலித்தது என்பதோடு முடிந்துவிடுகிறது. அந்தப் பிரெஞ்சில் படிக்கத் தகுந்தது எதுவும் இல்லையா?
– கல்லூரி மாணவி, ஜாலஹள்ளி

பதில்: அந்தப் பத்தியை நானும் பல ஆண்டுகள் வகுப்பில் வாசித்துவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போயிருக்கிறேன் மகளே. என்னிடம் படித்த பிள்ளைகளுக்கு நான் வைத்த கடன் அது. உன் கேள்வியால் அதில் கொஞ்சம் அடைக்கிறேன்.

படிக்கத் தகுந்தது மலைபோல் இருக்கிறது. பிரான்சின் பெருங்காவியம் என்று போற்றப்படும் ரோலாண்டின் பாடலை எடுத்துக்கொள். 778-இல் பைரனீஸ் மலைக் கணவாயில் வீழ்ந்த வீரனைப் பற்றி ஏறத்தாழ நாலாயிரம் அடிகள். கிடைத்திருக்கும் மிகப் பழைய பிரதி ஆக்ஸ்ஃபோர்டில் உள்ள 12-ஆம் நூற்றாண்டுச் சுவடி. அதன் மொழி, இங்கிலாந்தில் வழங்கிய ஆங்கிலோ-நார்மன் பிரெஞ்சு. பிரெஞ்சு மொழியில் எழுதப்பட்டு இன்று மிஞ்சியிருக்கும் முதல் வரலாற்று நூலும் இங்கிலாந்தில் பிறந்ததுதான். 1136-37 வாக்கில் கைமார் என்பவர் 'ஆங்கிலேயர் வரலாறு' எழுதினார். எழுதச் சொன்னவர் லிங்கன்ஷயரைச் சேர்ந்த கான்ஸ்டன்ஸ் என்ற சீமாட்டி. வேண்டிய நூலை ஹெல்ம்ஸ்லி என்ற ஊரிலிருந்து இரவல் வரவழைத்துக் கொடுத்தவரும் அவரே. அதற்குச் சற்று முன்பு பிலிப் த தாவோன், விலங்குகளைப் பற்றிய தம் நூலை முதலாம் ஹென்றியின் ராணி அடிலைசாவுக்குக் காணிக்கையாக்கினார்.

இந்தப் பெண்களைக் கவனி. லத்தீன் மொழி குருமார்களின் கையில் இருந்தது. தங்களுக்குப் புரியும் மொழியில் வரலாறும் அறிவியலும் கதையும் வேண்டும் என்று கேட்டவர்களில் சீமாட்டிகள் முன்வரிசையில் நின்றார்கள். நார்மன்கள் வருவதற்கு முன்பே தாய்மொழியில் வரலாறு எழுதிப் பழகிய நாடு இங்கிலாந்து. பிரான்சையே முந்திக்கொண்டு அங்கே பிரெஞ்சு நூல்கள் பிறக்க இந்த இரண்டுமே முக்கியக் காரணம் என்பது என் கருத்து.

எனக்கு மிகவும் பிரியமானவர் 12-ஆம் நூற்றாண்டுக் கவிஞர் மேரி. 'மேரி என் பெயர், நான் பிரான்சைச் சேர்ந்தவள்' என்று தம் நீதிக்கதைகளின் முடிவில் எழுதினார். பிரான்சில் உட்கார்ந்துகொண்டு யாராவது அப்படிச் சொல்வார்களா? 'எங்களுக்குத் திருநெல்வேலி' என்று அல்சூர்க் கடைத்தெருவில் சொல்பவர்கள் எத்தனை பேர்! திருநெல்வேலியில் அதைச் சொல்ல அவசியமே வராது. அவருடைய பன்னிரண்டு கதைப்பாடல்களும் ஒருசேரக் கிடைப்பது லண்டனில் உள்ள ஒரே சுவடியில்தான். அவற்றில் ஒன்று நைட்டிங்கேல் பறவையைப் பற்றியது, 160 அடிகள். மணமான ஒருத்தி அடுத்த வீட்டு வீரனைக் காண இரவில் எழுந்து சன்னலருகே நிற்கிறாள். ஏன் என்று கணவன் கேட்கிறான். பறவையின் பாட்டைக் கேட்கிறேன் என்கிறாள். அவன் அந்தப் பறவையைப் பிடித்து, அவள் கண்முன்னே கழுத்தை நெரித்து, அவள் மேலேயே வீசுகிறான். மார்பருகே துணியில் ரத்தம் படிகிறது. அவள் அந்தச் சிற்றுடலைப் பொன்னிழை பின்னிய பட்டில் பொதிந்து வீரனுக்கு அனுப்புகிறாள். அவன் பொன்னில் பேழை செய்து, அதில் வைத்து, எங்கே போனாலும் உடன் கொண்டுபோகிறான். அவ்வளவுதான் கதை. படித்து முடித்தபின் அன்று எனக்கு வேறு வேலை ஓடவில்லை.

இந்தக் கதையின் தொடக்கத்தில் மேரி பறவையின் பெயரை மூன்று மொழிகளில் சொல்கிறார்: பிரான்சின் வடமேற்குக் கோடியில் பேசும் பிரெத்தன் மொழியில் லவுஸ்திக், பிரெஞ்சில் ருசிஞோல், ஆங்கிலத்தில் நிக்டகலெ. ஆங்கிலம் ஒடுங்கிவிட்டது என்ற பாடநூல் வாக்கியத்துக்கு இந்த ஒரு வரி பதில். கேட்பவர்களின் காதில் எல்லா மொழிகளும் ஒலித்துக்கொண்டிருந்தன. திருவையாற்றில் தியாகராஜர் தெலுங்கில் பாடினார். அதை நம் காவிரிக்கரைச் செல்வமாகவும் கொண்டாடுகிறோம் அல்லவா? இந்தப் பிரெஞ்சையும் இங்கிலாந்தின் சொந்த இலக்கியமாகவே படி.

கேள்வி: நீதிமன்ற ஆங்கிலத்தில் பிரெஞ்சு ஏன் இவ்வளவு?
– வழக்கறிஞர் குமாஸ்தா, சிவாஜிநகர்

பதில்: ஆட்சி செய்தவர்களின் மொழி அரண்மனையை விட்டுப் போனாலும் நீதிமன்றத்தை விட்டு எளிதில் போகாது. வக்காலத்து, ஜாமீன், ஜப்தி, ஆஜர், தஸ்தாவேஜு என்று நீங்கள் தினமும் எழுதுபவை பாரசீக ஆட்சிமொழி வழியே வந்து தங்கியவை. நார்மன்கள் ஆண்ட இங்கிலாந்திலும் அப்படித்தான். வழக்காடுவது ஆங்கிலத்தில் இருக்கட்டும் என்று 1362-இல் சட்டம் செய்தார்கள். அந்தச் சட்டத்தையே பிரெஞ்சில்தான் எழுதினார்கள்! மார்ட்கேஜ் என்றால் பழைய பிரெஞ்சில் 'செத்த பிணை'. மிக்ஸி வாங்கும்போது தரும் அட்டையைப் பாருங்கள். வாரண்டி என்பது நார்மன் உச்சரிப்பு. வகரம் அப்படியே நிற்கிறது. காரண்டி, பாரிஸ் பக்கத்து உச்சரிப்பின் வழி வந்தது, வகரம் ககரமாகிவிட்டது. வார்டனும் கார்டியனும் இதே போன்ற இரட்டைப் பிள்ளைகள்.

கேள்வி: என் ஏழு வயது மகள் 'வேண்டாம்' என்பதற்கு 'பேடா' என்கிறாள், 'போதும்' என்பதற்கு 'சாகு' என்கிறாள், எல்லாம் கன்னடம். சென்னை உறவினர்கள் இது என்ன தமிழ் என்று சிரிக்கிறார்கள். அவள் இப்போது அவர்கள் முன்னால் வாயே திறப்பதில்லை. என்ன செய்யட்டும்?
– ஒரு தாய், அல்சூர்

பதில்: உங்கள் கடிதம் வந்த அதே வாரம் ஜாலஹள்ளிப் பெண்ணின் கடிதமும் வந்தது. இரண்டுக்கும் ஒரே இடத்தில் பதில் கண்டேன்.

லண்டனுக்குக் கிழக்கே பார்க்கிங் என்ற ஊரில் பெண் துறவியர் மடம் ஒன்று இருந்தது. 12-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் அங்கே ஒரு துறவி, புனித எட்வர்ட் அரசரின் வாழ்க்கையைப் பிரெஞ்சுக் கவிதையாக எழுதினார். தம் பெயரை எழுதவில்லை. ஆனால் தம் மொழியைப் பற்றி எழுதினார். லத்தீனில் எழுவாயாக நிற்பது தம் பிரெஞ்சில் செயப்படுபொருளாகிவிடும் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறார். பிறகு, தமக்குத் தெரிந்தது இங்கிலாந்தின் பிழைப் பிரெஞ்சுதான், அதைத் தேடி வேறெங்கும் போகவில்லை, வேறிடத்தில் கற்றவர்கள் தேவையான இடத்தில் திருத்திக்கொள்ளட்டும் என்கிறார். இவ்வளவும் சொல்லிவிட்டு ஆயிரக்கணக்கான அடிகள் எழுதினார். அதே மடத்தில்தான் கிளமென்ஸ் என்ற துறவி புனித கேத்தரின் வரலாற்றை எழுதினார். இரண்டு நூற்றாண்டு கழித்து சாசர், ஒரு மடத்துத் தலைவி லண்டன் பக்கத்துப் பிரெஞ்சு பேசினாள், பாரிஸ் பிரெஞ்சு அவளுக்குத் தெரியாது என்று எழுதி நம்மைப் புன்னகைக்க வைத்தார். உறவினர்கள் அன்றும் இருந்தார்கள்!

நான் வேலூரிலிருந்து மணமாகி இந்தப் பெங்களூருக்கு வந்தவள். விடுமுறை என்பதற்குக் கன்னடச் சொல்லைப் போட்டு 'நாளைக்கு ரஜா' என்று என் மகன் சொன்னபோது நானே அவனைக் கடிந்திருக்கிறேன். செய்திருக்கக் கூடாது. குழந்தை பேசும்போது குறுக்கே திருத்தாதீர்கள். சொல்ல வந்ததை முடிக்கட்டும்.

சொல் கற்றுக்கொடுக்க ஒரு வழி உண்டு. 13-ஆம் நூற்றாண்டில், இங்கிலாந்துப் பிள்ளைகளுக்குப் பிரெஞ்சு வீட்டிலேயே தானாக வராமல் போய்க்கொண்டிருந்த காலத்தில், பிப்ஸ்வொர்த் ஊர் வால்டர் என்ற பிரபு, டயனிசி என்ற சீமாட்டி தம் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்க ஒரு பாட்டு நூல் எழுதினார். குழந்தை பிறப்பதில் தொடங்கி, உடம்பின் உறுப்புகள், விலங்குகள் எழுப்பும் ஓசை, ரொட்டி சுடுவது, சணல் நூற்பது என்று போய், விருந்தில் முடிகிறது. வரிகளுக்கு நடுவே ஆங்கிலச் சொற்கள் எழுதப்பட்டிருக்கின்றன. உதடு, முயல், பவுண்டு, புத்தகம் ஆகிய நான்குக்கும் பிரெஞ்சில் கிட்டத்தட்ட ஒரே ஒலி. அவற்றை அடுத்தடுத்து வைத்து விளையாடுகிறார்.

நீங்களும் நாற்பது பக்க நோட்டு ஒன்று வாங்குங்கள். முதல் பக்கத்தில் புளி குழம்பில், புலி பன்னேர்கட்டாவில் என்று எழுதி, மகளைப் படம் வரையச் சொல்லுங்கள். அடுத்த பக்கத்தில் சமையலறை. ஒவ்வொரு தமிழ்ச் சொல்லுக்கும் கீழே அவளுக்குத் தெரிந்த கன்னடச் சொல்லை அவளே எழுதட்டும். சென்னையிலிருந்து விருந்தினர் வரும்போது அந்த நோட்டு கூடத்து மேசையிலேயே இருக்கட்டும். கன்னடப் பக்கத்தை அவர்களுக்கு அவள் வாசித்துக் காட்டுவாள்.