தொண்டு நிறுவனம் தடுமாறும்போது: வாசகர் கேள்வி, எங்கள் பதில்

கேள்வி: எங்கள் வருமானத்தில் நூற்றுக்கு 65 பங்கு ஒரே நன்கொடையாளரிடமிருந்து வருகிறது. ஒப்பந்தம் முடிய ஐந்து மாதம் இருக்கிறது. இனிமேல் புதுப்பிக்க மாட்டோம் என்று எழுதிவிட்டார்கள். 14 பேர் சம்பளத்தில் இருக்கிறார்கள். வங்கியில் பணம் இருப்பதால் நிர்வாகக் குழுவில் யாருக்கும் பதற்றமில்லை. நான் மட்டும் வீணாகப் பயப்படுகிறேனா?
– ஒரு செயலாளர்

பதில்: உங்கள் பயம் நியாயமானது. வங்கிக் கணக்கில் தெரிகிற தொகை முழுவதும் உங்களுடையது அல்ல. முதல் வேலையாக அதைப் பிரித்துப் பாருங்கள். கணக்கில் 100 இருப்பதாக வைத்துக்கொள்வோம். குறிப்பிட்ட திட்டத்துக்கென்று வந்து இன்னும் செலவாகாதது 58. கொடுக்க வேண்டிய பில்கள், வரிப் பாக்கி 14. ஊழியர்களை அனுப்ப நேர்ந்தால் தர வேண்டியது 12. ஆக, கையை வைக்கக்கூடிய சுதந்திரப் பணம் 16. எந்தத் திட்டத்திலும் சேராத வாடகை, மின்சாரம், கணக்காளர் சம்பளம் ஆகியவற்றுக்கு மாதம் 8 போகிறது என்றால், உங்களிடம் இருப்பது இரண்டே மாதத்துக்கான மூச்சு. குழு பார்ப்பது 100-ஐ. நீங்கள் காட்ட வேண்டியது 16-ஐ.

திட்டப் பணத்தை எடுத்துச் சம்பளம் போட்டுவிட்டு 'அடுத்த தவணை வந்ததும் சரிசெய்யலாம்' என்று சொல்வது இந்தத் துறையில் அடிக்கடி நடக்கிறது. கடைத் தேங்காயை எடுத்து வழிப் பிள்ளையாருக்கு உடைப்பது போன்றதுதான் அது. தணிக்கையில் பிடிபட்டால் பணத்தைத் திருப்பிக் கேட்பார்கள். அந்த நேரத்தில் கையில் எதுவும் இருக்காது.

அடுத்து, 13 வாரத்துக்கான பண வரவு செலவு அட்டவணை. மாதக் கணக்கு போதாது, வாரக் கணக்கே வேண்டும். பணம் தீர்வது மாதக் கடைசியில்தான் என்று எந்தச் சட்டமும் இல்லை. வரவை மூன்றாகப் பிரியுங்கள்: கையெழுத்தானது, வாயால் சொன்னது, நாம் நம்புவது. முதல் வகையை மட்டும் கூட்டுங்கள். மற்ற இரண்டும் கீழே தனி வரியில் இருக்கட்டும், மொத்தத்தில் சேரக் கூடாது. கையெழுத்தான தவணைகூட அறிக்கையை அவர்கள் ஏற்ற பிறகே வரும் என்பதால், ஒப்பந்தத் தேதியோடு நான்கு வாரத்தைக் கூட்டி எழுதுங்கள். ஆண்டுக்கு ஒருமுறை வரும் காப்பீடு, தணிக்கைக் கட்டணம் போன்றவை பெரும்பாலும் விட்டுப்போகும். போன ஆண்டு வங்கிப் பட்டியலை வைத்துச் சரிபாருங்கள். ஒவ்வொரு திங்கட்கிழமையும், போன வாரம் எழுதியதற்கும் நடந்ததற்கும் எவ்வளவு வித்தியாசம் என்று பாருங்கள். அட்டவணையின் பயனே அந்த வித்தியாசத்தில்தான் இருக்கிறது.

மூன்றாவது வேலையைப் பலர் தவிர்க்கிறார்கள். நிறுவனத்தை ஒழுங்காக மூட எவ்வளவு செலவாகும் என்று கணக்கிடுங்கள்: முன்னறிவிப்புக் காலச் சம்பளம், ஊழியர் நிலுவை, கட்டட ஒப்பந்தத்தை முடிக்கும் தொகை, கடைசித் தணிக்கை, ஆவணங்களைப் பாதுகாப்பது. அதோடு ஒரு மாதச் செலவைச் சேர்த்தால் அதுதான் எல்லைக்கோடு. சுதந்திரப் பணமும் ஊழியர் நிலுவைக்கென்று ஒதுக்கியதும் சேர்ந்து அந்தக் கோட்டைத் தொட்டால் ஒரு வாரத்துக்குள் குழு கூடி முடிவெடுக்கும் என்று இப்போதே தீர்மானம் போடுங்கள். மூடப்போகிறீர்கள் என்று இதற்கு அர்த்தமல்ல. கோடு போடாதவர்கள் நம்பிக்கையிலேயே அதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். கடைசி மாதச் சம்பளம் ஊழியருக்குக் கிடைக்காமல் போவது அப்படித்தான்.

நன்கொடையாளரிடம் கோபித்துக்கொண்டு பேச்சை முறிக்காதீர்கள். புதுப்பிக்க மறுத்தவர்களும் மூன்று விஷயங்களுக்குச் சம்மதிக்க வாய்ப்பு உண்டு. மீதமுள்ள பணத்தைச் செலவழிக்கக் கூடுதல் காலம் தருவது ஒன்று. பயிற்சிக்கு ஒதுக்கியதைச் சம்பளத்துக்கு மாற்ற அனுமதிப்பது இன்னொன்று. மூன்றாவது, குறைந்த தொகையில் ஒரு விடைபெறும் தவணை. மூன்றையும் எழுத்தில், இரண்டு வாரத்துக்குள் கேளுங்கள். ஒப்பந்தம் முடிந்த பிறகு கேட்டால், மீதிப் பணத்தைத் திருப்பி அனுப்பச் சொல்லும் கடிதம்தான் வரும்.

ஆட்குறைப்பு தவிர்க்க முடியாது என்றால் ஒரே முறையில், ஆழமாகச் செய்யுங்கள். மூன்று மாதத்துக்கு இரண்டு பேராக அனுப்பினால், மிஞ்சியிருப்பவர்களில் திறமையானவர்கள் முதலில் வேறு வேலை தேடிக்கொள்வார்கள். கணக்காளரையும் நிதி திரட்டுபவரையும் முதலில் அனுப்பும் தவறையும் செய்யாதீர்கள். அறிக்கை தாமதமாகும், அறிக்கை தாமதமானால் தவணை நிற்கும்.

பழைய பெயர் காப்பாற்றும் என்று குழுவில் யாராவது சொன்னால், சிகாகோவின் ஹல் ஹவுஸை நினைவூட்டுங்கள். ஏழைகளுக்கும் குடியேறியவர்களுக்கும் உதவ 1889-இல் ஜேன் ஆடம்ஸும் எலன் கேட்ஸ் ஸ்டாரும் தொடங்கிய சேவை இல்லம் அது. ஆடம்ஸ் 1931-இல் அமைதிக்கான நோபல் பரிசை இன்னொருவரோடு பகிர்ந்துகொண்டவர். அந்தப் பெயரைத் தாங்கிய சேவை அமைப்பு, வருமானத்தில் பெரும்பகுதிக்கு அரசு ஒப்பந்தங்களையே நம்பியிருந்து, 2012 ஜனவரியில் பணமில்லாமல் கதவை மூடியது. 120 ஆண்டுப் புகழால் அதைக் காப்பாற்ற முடியவில்லை.

கேள்வி: இப்படிப்பட்ட செய்தியை ஊழியர்களிடம் எப்போது சொல்வது? எல்லாம் உறுதியான பிறகா?
– திட்ட மேலாளர்

பதில்: எல்லாம் உறுதியாகும்வரை காத்திருந்தால் செய்தி உங்களுக்கு முன்பே போய்விடும். அலுவலகத்தில் அச்சு இயந்திரத்தின் அருகே கிடக்கும் ஒரு காகிதம் போதும். வரிசை முக்கியம்: முதலில் குழு, பிறகு மூத்த ஊழியர்கள், அதே நாளில் மற்ற எல்லோரும், மறுநாள் முக்கிய நன்கொடையாளர்கள், அந்த வாரத்திலேயே பயனாளிகள். வேலை போகிறவர்களிடம் தனித்தனியாக, நேரில், கடிதம் கையில் இருக்கச் சொல்லுங்கள். கடிதத்தில் கடைசி நாள், வரவேண்டிய தொகை, அது வரும் தேதி மூன்றும் இருக்க வேண்டும்.

ஊழியர்கள் எல்லோரும் கூடும் கூட்டத்தில் தெரிந்தது, தெரியாதது, முடிவாகும் தேதி ஆகிய மூன்றையும் சொல்லுங்கள். சொன்ன தேதியில் புதிதாக எதுவும் இல்லாவிட்டாலும் கூட்டத்தைக் கூட்டி 'இன்னும் முடிவாகவில்லை' என்று சொல்ல வேண்டும். 'யாருக்கும் எதுவும் ஆகாது' என்ற ஆறுதல் வார்த்தை மட்டும் வேண்டாம். பிறகு நீங்கள் உண்மையே சொன்னாலும் நம்ப ஆள் இருக்காது.

கேள்வி: 22 ஆண்டுகளாக நிறுவனத்தை நடத்தும் நிறுவனர் ஓய்வு பெற விரும்புகிறார். எல்லா விவரமும் அவர் தலைக்குள் இருக்கிறது. குழுவில் ஆலோசகராகத் தொடர்வதாகச் சொல்கிறார். நல்லதுதானே?
– குழு உறுப்பினர்

பதில்: நல்ல எண்ணம், ஆபத்தான ஏற்பாடு. ஒவ்வொரு முடிவுக்கும் ஊழியர்கள் புதிய தலைவரைத் தாண்டி அவரிடம் போவார்கள். புதியவர் ஆறே மாதத்தில் கிளம்பிவிடுவார். குறைந்தது ஓராண்டு நிறுவனர் குழுவில் இல்லாமல் இருப்பதே இருவருக்கும் நல்லது. மரியாதையைக் கௌரவப் பட்டத்தில் காட்டுங்கள், வாக்குரிமையில் அல்ல.

ஓராண்டு அவகாசம் வைத்துக்கொள்ளுங்கள். முதல் மூன்று மாதம் அவர் தலைக்குள் இருப்பதைக் காகிதத்துக்குக் கொண்டுவர: வங்கியில் யார் கையெழுத்து, பதிவு ஆவணத்தின் அசல் எங்கே, இணையதளமும் மின்னஞ்சலும் யாருடைய சொந்தக் கணக்கில் பதிவாகியிருக்கின்றன, கடவுச்சொல் சரிபார்ப்பு எந்தக் கைபேசிக்குப் போகிறது. கடைசி இரண்டையும் மறந்துவிட்டு, பிறகு நிறுவனத்தின் சொந்த மின்னஞ்சலைத் திறக்க முடியாமல் நிற்பவர்கள் உண்டு. வாய்மொழி உறுதிகளையும் கேட்டு எழுதுங்கள். நண்பர் என்பதால் கட்டடம் இலவசமாக இருக்கலாம்; நிறுவனர் போனதும் அந்த நட்பும் போகலாம்.

புதியவரைத் தேர்ந்தெடுப்பது குழுவின் வேலை. நிறுவனர் கருத்துச் சொல்லலாம், தேர்வுக் குழுவில் உட்காரக் கூடாது. முக்கியமான 15 நன்கொடையாளர்களிடம் புதியவரை நிறுவனரே நேரில் அழைத்துப்போய் அறிமுகம் செய்யட்டும். இருவரும் ஒன்றாக அலுவலகத்தில் இருப்பது நான்கு வாரத்துக்கு மேல் வேண்டாம்.

யாரும் முன்கூட்டி யோசிக்காத ஒன்று சம்பளம். நிறுவனர்கள் பலர் ஆண்டுக்கணக்கில் குறைந்த சம்பளத்திலோ சம்பளமே இல்லாமலோ வேலை செய்கிறார்கள். நிதிப் பொறுப்பு, நிகழ்ச்சிப் பொறுப்பு என்று இரண்டு ஆள் வேலையையும் அவரே பார்த்திருப்பார். அந்த இடத்துக்கு வெளியிலிருந்து ஒருவரைக் கொண்டுவரும்போது பட்ஜெட்டில் பெரிய ஓட்டை விழும். அவர் போகும் ஆண்டுக்கு முன்பே அந்தப் பதவிக்கான முழுச் சம்பளத்தையும் பட்ஜெட்டில் எழுதத் தொடங்குங்கள். அவர் வாங்கிக்கொள்ளாவிட்டால் சேம நிதிக்கு, அதாவது நெருக்கடிக்கென்று ஒதுக்கிவைக்கும் பணத்துக்கு, போகட்டும்.

கேள்வி: சேம நிதி வைத்தால் 'பணம் இருக்கிறதே, எங்களிடம் ஏன் கேட்கிறீர்கள்?' என்கிறார்கள் நன்கொடையாளர்கள்.
– பொருளாளர்

பதில்: கொள்கை எழுதாமல் பணத்தை மட்டும் வைத்திருப்பதால் வரும் கேள்வி இது. எத்தனை மாதச் செலவு (மூன்று முதல் ஆறு என்பது பொதுவாக ஏற்கப்படும் அளவு), எதற்காக எடுக்கலாம், யார் ஒப்புதலோடு, எத்தனை மாதத்தில் திரும்ப நிரப்புவது என்று ஒரே பக்கத்தில் எழுதிக் குழுவின் தீர்மானத்தோடு அனுப்புங்கள். திட்டப் பணத்திலிருந்து சேமிக்க முடியாது. பொது நன்கொடையிலிருந்தும் நிறுவனத்தின் சொந்த வருமானத்திலிருந்தும்தான் சேமிக்கலாம்.

கேள்வி: எங்கள் மாலை நேரக் கல்வித் திட்டத்தை எல்லோரும் பாராட்டுகிறார்கள். ஆனால் அது எங்களை இழுத்துக்கொண்டு போகிறதோ என்று சந்தேகம். நன்கொடை செலவுக்குச் சரியாக வருகிறதே என்கிறார் கணக்காளர்.
– நிர்வாக இயக்குநர்

பதில்: நேரடிச் செலவு 40, நன்கொடை 40 என்று கணக்காளர் சொல்வது உண்மைதான். அது பாதி உண்மை. நிறுவனத்தின் பொதுச் செலவு 20 என்றும், ஊழியர் நேரத்தில் நூற்றுக்கு 40 பங்கை இந்தத் திட்டம் எடுத்துக்கொள்கிறது என்றும் வைத்துக்கொள்ளுங்கள். பொதுச் செலவில் அதன் பங்கு 8. எனவே உண்மையான செலவு 48. ஆண்டுதோறும் 8 வேறெங்கிருந்தோ கசிகிறது. ஊழியர் நேரத்தை ஊகிக்காமல், நான்கு வாரம் எல்லோரும் அரைநாள் அளவில் குறித்து வந்தாலே போதுமான கணக்குக் கிடைக்கும்.

நஷ்டம் என்பதாலேயே நிறுத்த வேண்டியதில்லை. இரண்டு கேள்வி கேளுங்கள். நிறுவனத்தின் நோக்கத்துக்கு இது எவ்வளவு நெருக்கம்? நாம் விட்டால் வேறு யாராவது இதே தரத்தில் செய்வார்களா? நெருக்கமானது, வேறு ஆள் இல்லை என்றால் நஷ்டத்தோடும் நடத்தலாம். ஆனால் அந்த 8 எங்கிருந்து வருகிறது என்று பெயர் சொல்லி எழுத வேண்டும். அடுத்த விண்ணப்பத்தில் பொதுச் செலவின் பங்கையும் சேர்த்துக் கேளுங்கள். 'நிர்வாகச் செலவு குறைவு' என்று பெருமை பேசியே நன்கொடையாளரைக் கெடுத்து வைத்தவர்கள் நாமும்தான்.

நிறுத்துவது என்று முடிவானால் மூன்று முதல் ஆறு மாதம் எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் புதிய சேர்க்கையை நிறுத்த வேண்டும், பிறகு இருப்பவர்களை வேறு இடத்தில் சேர்த்துவிட வேண்டும். அவர்களின் விவரங்களை இன்னொரு நிறுவனத்துக்குக் கொடுக்கும் முன் குடும்பத்தின் சம்மதத்தை எழுத்தில் வாங்குங்கள்.

கேள்வி: குழுவில் ஒன்பது பேர். கூட்டத்துக்கு மூன்று பேர் வருகிறார்கள். வருகிறவர்களும் வண்டி எரிபொருள் பில்லைத்தான் துருவுகிறார்கள்.
– ஒரு ஒருங்கிணைப்பாளர்

பதில்: இரண்டுக்கும் காரணம் ஒன்றே: அவர்கள் முன் வைக்கப்படும் விஷயத்தில் முடிவெடுக்க எதுவும் இல்லை. நிகழ்ச்சி நிரலில் 'நிதி நிலை' என்று எழுதாமல், 'இரண்டாவது மையத்தை ஜூனில் மூடலாமா?' என்று கேள்வியாக எழுதுங்கள். ஒரு கூட்டத்துக்கு மூன்று கேள்வி, 90 நிமிடம், காகிதங்கள் ஏழு நாள் முன்பு. நிதிக்கு ஒரே பக்கம்: சுதந்திரப் பணம், அது எத்தனை மாதத்துக்கு வரும், பட்ஜெட்டிலிருந்து நூற்றுக்கு 10-க்கு மேல் விலகிய தலைப்புகள், காரணம். எவ்வளவு தொகை வரை இயக்குநர் முடிவெடுக்கலாம் என்ற வரம்பைத் தீர்மானமாக்கிவிட்டால் எரிபொருள் பில் கூட்டத்துக்கே வராது.

பதவிக்காலம் மூன்று ஆண்டு, அதிகபட்சம் இரண்டு முறை. ஆண்டுதோறும் மூன்றில் ஒரு பங்கினர் மாறும்படி அடுக்குங்கள். விதிமுறையில் குறைந்தபட்ச வருகை எத்தனை பேர் என்று இன்றே பாருங்கள். ஒன்பதில் மூன்று பேர் அதற்குப் போதாது என்றால், இதுவரை போட்ட தீர்மானங்கள் செல்லாமல் போகலாம். புதிய கையெழுத்தாளரை வங்கி ஏற்க மறுக்கும் நாளில்தான் பெரும்பாலும் இது தெரியவரும்.

கேள்வி: எந்தப் பிரச்சினைக்காகத் தொடங்கினோமோ அது கிட்டத்தட்டத் தீர்ந்துவிட்டது. நிறுவனத்தை மூடலாமா, வேறு நோக்கத்துக்கு மாறலாமா?
– ஒரு வாசகர்

பதில்: இரண்டும் கௌரவமான வழிகள். பின்னாளில் மார்ச் ஆஃப் டைம்ஸ் (March of Dimes) என்று பெயர் பெற்ற அமெரிக்க அமைப்பை ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட் 1938-இல் இளம்பிள்ளை வாதத்துக்கு எதிராகத் தொடங்கினார். அது நிதி கொடுத்து வளர்த்த ஜோனஸ் சால்க்கின் தடுப்பூசி 1955-இல் பயனுக்கு வந்தது. 1958-இல் அமைப்பு பிறவிக் குறைபாடுகளின் பக்கம் திரும்பியது. நாடு முழுவதும் தன்னார்வலர் கிளைகள், ஆராய்ச்சிக்கு நிதி கொடுத்த அனுபவம் என்று கையில் இருந்தவை புதிய நோக்கத்துக்கும் பொருந்தின. உங்களிடமும் அப்படி இடம் மாற்றக்கூடிய பலம் எது என்று முதலில் பட்டியலிடுங்கள். கட்டடமும் ஊழியர்களும் மட்டுமே மிஞ்சினால் மூடுவதே நேர்மை. அப்போது மீதிச் சொத்து யாருக்குப் போகும் என்பதை உங்கள் பதிவு ஆவணத்தின் கலைப்பு விதி சொல்லும். ஒரு பென்சில் விற்பதற்கு முன்பும் அந்தப் பக்கத்தைப் படித்துவிடுங்கள்.