ஓரத்தில் நின்றவர்

கேள்வி: போன இதழில் டேவ் பீக்காக் என்கிற லண்டன் பேஸ் கிட்டார்காரரைப் பற்றி இரண்டு வரி புகழ்ந்து எழுதியிருந்தீர்கள். என் மகன் அதை வெட்டி வைத்துக்கொண்டு, தானும் பேஸ்தான் கற்பேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான். முன்னால் நின்று வாசிக்கும் லீட் கிட்டாரைக் கற்றுக்கொள் என்பது என் கட்சி. குடிகாரர்களுக்குச் சிரிப்புப் பாட்டுப் பாடிய ஜோடியில் ஓரமாக நின்று டும் டும் என்று தட்டியவர் எல்லாம் ஒரு முன்மாதிரியா?
– ஒரு தகப்பன், சேலம்

பதில்: முதலில் அந்தக் ‘குடிகாரர்கள்’. லண்டன் பப்பை நம்மூர் டாஸ்மாக் என்று நினைத்து எழுதியிருக்கிறீர்கள். அந்தக் காலத்து லண்டன் பப்பில் பாட்டி, மாமா, மருமகள் எல்லாரும் ஒரு பழைய பியானோவைச் சுற்றி உட்கார்ந்து சேர்ந்து பாடுவார்கள். நீங்கள் சொல்லும் அந்த ஜோடி, ‘சாஸ் அண்ட் டேவ்’, அந்தக் கூட்டத்திலிருந்து வந்தவர்கள்.

சிரிப்புப் பாட்டு என்று ஏளனம் வேறு. அதற்குப் பின்னால் இருப்பதைக் கேளுங்கள். பியானோ வாசித்த சாஸ் ஹாட்ஜஸ் இன்னொரு குழுவோடு அமெரிக்கா போனபோது, அமெரிக்க உச்சரிப்பில் பாடுவது தனக்கே பொய்யாகப் பட்டது. அன்றைய ஆங்கிலேயப் பாடகர்களில் பாதிப்பேர் அப்படித்தான் பாடிக்கொண்டிருந்தார்கள். ஊர் திரும்பி டேவோடு சேர்ந்தார். இருவரும் தங்கள் வீட்டில் பேசிய கொச்சையிலேயே பாடினார்கள். ‘ராக்’ இசையையும் ‘காக்னி’ என்கிற கிழக்கு லண்டன் உழைப்பாளிகளின் பேச்சையும் ஒட்டி ‘ராக்னி’ என்று பெயரும் வைத்தார்கள். 1980-இல் வந்த ‘ராபிட்’ பாட்டில் முயலே கிடையாது. காக்னிக்காரர்கள் ‘டாக்’ (talk, பேச்சு) என்பதற்கு எதுகையாக ‘ராபிட் அண்ட் போர்க்’ என்பார்கள். பிறகு எதுகையான ‘போர்க்’கை விழுங்கிவிட்டு, ‘ராபிட்’ என்றாலே வாய் ஓயாத பேச்சு. இந்த மாதிரி மொழியை வைத்துக்கொண்டு பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் முதல் பத்துக்குள் போவது லேசுப்பட்ட காரியமா? 1982-இல் அவர்கள் பாட்டு ஒன்று இரண்டாம் இடம்வரை ஏறியது. அதில் சிரிப்பே இல்லை, மனம் கசந்த ஒருவனின் விடைபெறல்.

சரி, ‘ஓரமாக நின்று’ என்றீர்களே, அங்கே வருவோம். சாஸ் ஹாட்ஜஸே தொழில்முறை பேஸ்காரர். 1963-இல் அமெரிக்க ராக் அண்ட் ரோல் பியானோக்காரர் ஜெர்ரி லீ லூயிஸ் இங்கிலாந்து வந்தபோது அவருக்குப் பின்னால் பேஸ் வாசித்தவர். அருகில் நின்று அவர் விரல்களைப் பார்த்துப் பார்த்தே பியானோ பழகிக்கொண்டவர். 1966-இல் பீட்டில்ஸ் ஜெர்மனி போனபோது கூடப்போன கிளிஃப் பென்னட் குழுவிலும் அவர் கையில் இருந்தது பேஸ்தான். அப்படிப்பட்ட ஆள் அந்த வாத்தியத்தை இன்னொருவன் கையில் கொடுத்துவிட்டுப் பியானோவில் உட்காருகிறான் என்றால், வாங்கிக்கொண்டவன் டும் டும் தட்டுகிற ஆளாகவா இருப்பான்? பாட்டுகளும் பெரும்பாலும் இருவர் பெயரிலும்தான் இருக்கின்றன. பரிதாபப்பட ஆள் தேடுகிறீர்கள் என்றால் டிரம்ஸ் வாசித்த மிக் பர்ட் இருக்கிறார்; மூன்று பேர் மேடையேறியும் பலகையில் இரண்டு பெயர்தான்!

இன்னொன்று. நீங்கள் டேவ் பீக்காக்கைக் கேட்டதில்லை என்றா நினைக்கிறீர்கள்? ஜோடியாகப் பெயர் வாங்குவதற்கு முன் இருவரும் கூலிக்கு ஸ்டூடியோவில் வாசித்துக்கொண்டிருந்தார்கள். 1975-இல் வெளிவந்த, லேபி சிஃப்ரே என்கிற ஆங்கிலேயப் பாடகரின் ஒரு பாட்டில் சாஸ் கிட்டார், டேவ் பேஸ். அந்தப் பாட்டு பாதிவழியில் திடீரென்று போக்கை மாற்றிக்கொள்ளும். பேஸ் சின்னதாக ஒரு சுற்றுச் சுற்றும். கால் நூற்றாண்டு கழித்து டாக்டர் டிரே என்கிற அமெரிக்க ராப் இசைத் தயாரிப்பாளர் அந்தத் துண்டை மட்டும் வெட்டி எடுத்து, அதன்மேல் ஒரு வெள்ளைக்காரப் பையனைப் பேசவிட்டார். பையன் ராப் பாடகர் எமினெம். 1999-இல் அவனை உலகத்துக்கு அறிமுகப்படுத்திய ‘மை நேம் இஸ்’ பாட்டு அது. கிராமி விருதும் வாங்கியது. பெண்களையும் ஓரினச்சேர்க்கையாளர்களையும் இழிவுபடுத்திய வரிகளை எடுக்காமல் என் இசையைத் தரமாட்டேன் என்று சிஃப்ரே முரண்டுபிடித்தது தனிக்கதை. உங்கள் மகனிடம் அந்தப் பாட்டைப் போடச் சொல்லுங்கள். எமினெம் வாயைத் திறக்குமுன் நீங்கள் தலையாட்டத் தொடங்கியிருப்பீர்கள். உங்களை ஆட்டுவது அந்த ‘டும் டும்’தான்.

2009-இல் மனைவி இறந்ததும் டேவ் மேடையே வேண்டாம் என்று, தனக்குப் பிடித்த குதிரை வண்டிகளோடு வீட்டில் இருந்துவிட்டார். சாஸ் சும்மா இருக்கவில்லை, வேறு ஆட்களோடு ஊர் ஊராகப் போனார். ஆனால் பலகையில் ‘சாஸ் அண்ட் ஹிஸ் பேண்ட்’ என்றுதான் போட்டார். டேவ் திரும்பி வந்த பிறகுதான் பழைய பெயரும் திரும்பியது. 2014-இல் ராயல் ஆல்பர்ட் ஹாலில் இருவரும் சேர்ந்து வாசித்தார்கள். 2018-இல் சாஸ் காலமானார்.

உங்கள் வீட்டு விவகாரத்தில் நான் தலையிடுவதற்கில்லை. பேஸுக்கு வழக்கமாக நாலு கம்பிதான், லீட் கிட்டாருக்கு ஆறு. ஆனால் பேஸின் கம்பி தடிமன், விலையும் கூடுதல். சத்தம் சுவரைத் தாண்டிப் பக்கத்து வீட்டுப் பாத்திரங்களைக் கிணுகிணுக்க வைக்கும். அவர்களிடம் முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லி வைத்துவிடுங்கள்.