ஒகிதாவின் இருமல்

கேள்வி: அக்கா, நான் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். ராத்திரியில் போனில் ஜப்பானிய விஷுவல் நாவல் விளையாடுவேன், நாமே நாயகியாகி, வரும் ஆண்களில் ஒருத்தனைத் தேர்ந்தெடுக்கும் காதல் கதை. அதிலும் கத்தியைக் காட்டி மிரட்டுகிறவன், ரத்தம் குடிக்கிறவன் பக்கமே மனசு போகிறது. நேரில் ஒருத்தன் அப்படிப் பேசினால் செருப்பைக் கழற்றிவிடுவேன். எனக்கு ஏதாவது கோளாறா?
– ஒரு வாசகி, செவ்வாய்பேட்டை, சேலம்

பதில்: கோளாறெல்லாம் இல்லை, கண்ணு. நானும் உன் கட்சிதான்.

ஒரு ஐப்பசி மழையில் ஏற்காடு நாகலூரில் சித்தி வீட்டில் இருந்தேன். கரண்ட் இல்லை. லேப்டாப்பில் மிச்சமிருந்த சார்ஜில் ‘ஹகுவோகி’ ஓடிக்கொண்டிருந்தது. 2008-ல் வந்தது. காணாமல் போன அப்பாவைத் தேடி ஆண் வேஷத்தில் கியோட்டோ வரும் சிஸுரு, ஷின்செங்குமி என்ற பழைய காவல் படையின் வாள்வீரர்களிடம் மாட்டிக்கொள்கிறாள். அவர்களில் ஒகிதா சோஜி சிரித்துக்கொண்டே ‘கொன்றுவிடுவேன்’ என்பான். ஆரம்பத்தில் அவனைக் கண்டாலே எனக்கு எரிச்சல்.

அப்புறம் அவன் இருமத் தொடங்கினான். உனக்குத்தான் தெரியுமே, படம் அப்படியே நிற்கும், கீழே பெட்டியில் ஒவ்வொரு வரியாக வரும், அடுத்த வரிக்கு நாம்தான் தட்ட வேண்டும். இருமல் சத்தம் கேட்டதும் என் விரல் நின்றுவிட்டது. வெளியே சில்வர் ஓக் மரங்களிலிருந்து காப்பிச் செடிகள் மேல் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. நிஜ ஒகிதா 1868-ல் காசநோயில் இறந்தவர். அடுத்த வரியைத் தட்டினால் அவனை அந்த முடிவை நோக்கித் தள்ளுகிறேனோ என்று தோன்றியது. கொஞ்ச நேரம் தட்டவே இல்லை.

நம்மை இழுப்பது இந்த இடம்தான் என்பேன். முரட்டு நாயகன் நம் சினிமாவுக்குப் புதுசா? ஆனால் அவன் துரத்தும் பெண்ணுக்குள் என்ன ஓடுகிறது என்று அங்கே யார் கேட்டார்கள்? இங்கே கதை பெரும்பாலும் அவள் மனசுக்குள்ளிருந்தே வருகிறது. பயப்படுகிறவளும் அவள், அவனை அளந்து பார்க்கிறவளும் அவள். தப்பான பதிலைச் சொன்னால் சாகவும் செய்வாள். நாம் பழைய சேவ் ஃபைலுக்குப் போய் வேறு வழி பார்ப்போம். நேரில் மிரட்டுகிறவனிடம் அந்த வசதி ஏது? 1994-ல் வந்த ‘ஆஞ்சலிக்’தான் பெண்களுக்கான இந்தக் காதல் விளையாட்டு வகையில் முதலாவது. அதை உருவாக்கியது கோயெய் நிறுவனத்தின் ரூபி பார்ட்டி என்ற பெண்கள் குழு. பெண்ணின் பார்வை இதில் பிறவியிலேயே வந்தது.

இருட்டு என்றால் எல்லாமே எனக்குப் பிடிக்கும் என்றில்லை. ரத்தம் குடிக்கும் அண்ணன் தம்பிகள் ஆறு பேர் வரும் ‘டயபாலிக் லவ்வர்ஸ்’ எனக்கு ஒத்துவரவில்லை. அவர்கள் கடித்துக்கொண்டே இருக்கிறார்கள், அந்தப் பெண்ணின் குரல் எழும்பவே இல்லை. பாதியில் மூடிவிட்டேன். உனக்குப் பிடித்திருந்தால் சரி, சண்டைக்கு வரமாட்டேன்.

யாரிடமாவது நின்டெண்டோ ஸ்விட்ச் கேம் கருவி கிடைத்தால் அடுத்து ‘காலர் மாலிஸ்’ எடு. நாயகி போலீஸ்காரி. விஷம் வைத்த பட்டையை யாரோ அவள் கழுத்தில் மாட்டிவிடுகிறார்கள். அதில் ஐந்து நாயகர்கள்; அவர்களில் யனாகியின் கதை மற்ற நால்வரின் கதைகளையும் முடித்த பிறகுதான் திறக்கும். அவசரப்பட்டு யாரிடமும் முடிவைக் கேட்டுவிடாதே. செமஸ்டர் முடிந்ததும் ஆரம்பி, எப்படி இருந்தது என்று எழுது.